வாறவருக்கு ஓர் அறை

என்னிடம் இருக்கிற கட்டடக் கலைஞர்களைப் பற்றிய புத்தகங்களை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கினால் என் இடுப்பளவுக்கு வரும். எல்லாம் நல்ல பாரம். அட்டையில் பெரும்பாலும் ஓர் ஆண் நிற்பார். கறுப்புச் சட்டை, தடித்த மூக்குக்கண்ணாடி, மேசையில் ஊன்றிய ஒரு கை, உலகத்தில் தான் கட்டியது இன்னும் போதாது என்கிற மாதிரி ஒரு பார்வை. உள்ளே வழுவழுப்பான தாளில் வீடுகள். அந்த வீடுகளில் ஒரு செருப்புக் கிடக்காது, ஒரு துவாய் தொங்காது. கொழும்பில் படித்த காலத்தில் நடைபாதைக் கடைகளில் ஒவ்வொன்றாக வாங்கி, ரயிலில் மடியில் வைத்துக்கொண்டு யாழ்ப்பாணத்துக்குக் கொண்டுவந்து சேர்த்தவை. ஒன்றைக் கறையான் பிடித்துவிட்டது. எளிமையைப் பற்றிய அத்தியாயத்தை முழுக்கத் தின்றுவிட்டு, விலை கூடிய பளிங்குக் கல்லைப் பற்றிய அத்தியாயத்தைத் தொடாமல் விட்டிருந்தது. கறையானுக்கும் ஒரு ருசி இருக்கிறது என்று அன்றைக்குத்தான் தெரிந்துகொண்டேன்.

அரியாலையில் என்னைப் "பிளான் கீறுற பிள்ளை" என்றுதான் சொல்வார்கள். வரைவதை நாங்கள் கீறுவது என்போம். சபையில் அனுமதி எடுக்க ஒரு பிளான் வேண்டும், அதைக் கீற ஓர் ஆள் வேண்டும், அதற்கு மேல் ஒரு வீட்டைப் பற்றி யோசிக்க என்ன இருக்கிறது என்று என் காதுபடவே கேட்டிருக்கிறார்கள். எனக்குக் கோபம் சட்டென்று வரும். முந்தியெல்லாம் நின்று விளக்கம் சொல்வேன். வெளிச்சம் எந்த நேரம் எந்தச் சுவரில் விழுகிறது, காற்று எதனால் நுழைந்து எதனால் போகிறது என்று கையை ஆட்டி ஆட்டிச் சொல்வேன். வந்தவர் பொறுமையாகக் கேட்டுவிட்டு, "அது சரி பிள்ளை, போர்ட்டிக்கோ எந்தப் பக்கம் வரும்?" என்பார். இப்போது நான் விளக்கம் சொல்வதில்லை. போர்ட்டிக்கோவைக் கீறிக் கொடுத்துவிடுகிறேன்.

ஆனாலும் அந்தப் புத்தகங்கள்தான் என்னை ஆளாக்கின. வாசலைத் தணித்து வைத்து, குனிந்து நுழைகிற ஆள் உள்ளே நிமிரும்போது நெஞ்சு விரியவேண்டும் என்று ஒருவர் யோசித்திருக்கிறார். சுவர் எதனால் ஆனதோ அதை ஒளிக்கக்கூடாது என்று இன்னொருவர் பூச்சே பூசாமல் விட்டிருக்கிறார். அவர் வீட்டில் இருந்தவர்கள் முதுகில் மண்ணோடுதான் திரிந்திருப்பார்கள், அதைப் புத்தகம் சொல்லாது. எனக்கு மிகவும் பிடித்தவர் வெயில் நாடு ஒன்றில் கட்டியவர். அறைகளை ஒன்றோடொன்று ஒட்டவைக்கக் கூடாது, ஒவ்வோர் அறைக்கும் சொந்தமாகக் காற்றும் சொந்தமாக வானமும் வேண்டும், ஓர் அறையிலிருந்து மற்ற அறைக்குப் போகிற ஆள் கொஞ்ச நேரமாவது வானத்துக்குக் கீழே நடந்து போகட்டும் என்பது அவருடைய கொள்கை. அந்தப் பக்கங்களை நான் படித்த தரங்களுக்குக் கணக்கில்லை. என் விருப்பப்படி ஒரே ஒரு வீடு கட்டக் கிடைத்தால் இப்படித்தான் கட்டுவேன் என்று இருந்தேன்.

கிடைத்தது. எங்களுடைய சொந்த வீடுதான்.

அது நீரேரிக்குக் கிட்ட இருந்த, அம்மாவின் சீதன வீடு. யாழ்ப்பாணத்தில் வீடு பெண்வழியாகப் போகும். தாய்க்குச் சீதனமாக வந்த வளவும் வீடும் மகள் கலியாணம் கட்டும்போது மகளுக்குப் போகும். எழுதிக் கொடுத்த நாளிலிருந்து அது மகளின் வீடு, தாய் அங்கே மகளோடு இருக்கிற ஆள். எனக்கு அந்தப் பழைய வீட்டின்மேல் ஒரு பற்றும் இருந்ததில்லை. இருட்டு, புழுக்கம், நுளம்புக் கடி. உப்புக் காற்று சுவரை அரித்துவிட்டிருந்தது. மாரியில் சுவரில் ஈரம் ஏற, சின்ன வயதிலிருந்தே இருக்கிற என்னுடைய மூச்சிழுப்பு கூடிவிடும். அப்பா காலமான பிறகு அதற்குள் அம்மாவும் நானும் மட்டும்தான். இடித்துவிட்டுப் புதிதாகக் கட்டுவோம் என்று நான் சொன்னபோது அம்மா மறுக்கவில்லை.

"ஓம், உனக்கெண்டு ஒண்டு கட்டத்தானே வேணும்" என்றார்.

எனக்கென்று என்றால் என்ன என்று அப்போது எனக்கு விளங்கவில்லை. எனக்கு முப்பது தாண்டியிருந்தது, கலியாணம் ஆகவில்லை. அப்படிப்பட்ட பிள்ளைக்கென்று கட்டுகிற வீடு சீதன வீடு. சீதன வீட்டுக்கு வேறொரு சொந்தக்காரர் இருக்கிறார். அவருக்கு வாறவர் என்று பெயர்.

வாறவரை எங்கள் வீட்டுக்குக் கொண்டுவந்தவர் மாமா, அம்மாவின் தமையன். சுன்னாகம் சந்தையில் வெங்காயம் மொத்தமாக எடுத்து விற்கிறவர். நல்ல மனிதர். அப்பா போன பிறகு எங்களை ஒரு நாளும் கைவிடாதவர். ஆனால் மோட்டார் சைக்கிளை விட்டு இறங்கும்போதே வாறவரைப் பற்றிக் கதைத்துக்கொண்டுதான் இறங்குவார்.

"வாறவருக்குக் கார் விட எங்கை பிள்ளை இடம் விட்டிருக்கிறாய்?"

"வாறவருக்கு ஒரு ஒபிஸ் அறை வேணும். இப்ப எல்லாரும் வீட்டிலை இருந்துதானே வேலை செய்யினம்."

"வாறவர் வெளிநாட்டுக்காரர் எண்டால் உந்தக் குளியலறை சரிவராது. கை காலை நீட்டி நிண்டு குளிக்கிறவை அவை."

வாறவர் என்றால் வருகிறவர். நான் வீட்டைக் கட்ட, என்னைக் கட்டப்போகிறவர். அவருக்கு ஊர் இல்லை, முகம் இல்லை. ஆனால் அவருக்குக் கார் இருந்தது, முதுகு நோ இருந்தது, படி உயரமாக இருந்தால் பிடிக்காது. என் புத்தகங்களில் பெரிய கட்டடக் கலைஞர்கள் ஆளுக்கொரு கொள்கை சொன்னாலும் ஒரு விஷயத்தில் எல்லாரும் ஒத்துப்போகிறார்கள். முதலில் அந்த வீட்டில் இருக்கப்போகிற ஆளோடு கதைக்கவேண்டும், அவர் எத்தனை மணிக்கு எழும்புகிறார், எதைப் பார்த்துக்கொண்டு இருக்க விரும்புகிறார் என்று கேட்கவேண்டும் என்கிறார்கள். நான் ஆரைப் போய்க் கேட்பது?

ஒரு நாள் பொறுக்க ஏலாமல் மாமாவிடமே கேட்டேன்.

"மாமா, வாறவர் தேத்தண்ணிக்குச் சீனி போடுவாரோ?"

மாமா யோசித்தார். பகிடிக்கு இல்லை, உண்மையாகவே யோசித்தார். "இப்பத்தைப் பெடியள் சீனி குறைவு, பிள்ளை" என்றார். அம்மா சேலைத் தலைப்பால் வாயைப் பொத்திக்கொண்டு உள்ளே போனார்.

ஒபிஸ் அறைக்கு நான் கடைசியில் இணங்கியது மாமாவின் முகத்துக்காகத்தான். மற்றபடி வீட்டை, வளவு இடம் விட்ட அளவுக்கு, நான் நினைத்தபடியே கீறினேன். நடுவில் முற்றம், மேலே திறந்த வானம். முற்றத்துக்குத் தெற்கே, நீரேரிப் பக்கம், இரண்டு அறைகள். மூலையில் இருந்தது அம்மாவுக்கு, அதற்குப் பக்கத்தில் வாறவரின் ஒபிஸ் அறை. முற்றத்துக்கு வடக்கே குசினி, குசினியோடு ஒரு சின்னச் சாமான் அறை, அதற்கு அடுத்தது என்னுடைய அறை. அந்தத் தெற்கு மூலை அறைதான் வீட்டிலேயே நல்லது. சோளகக் காற்று அடிக்கிற மாதங்களில் நீரேரிக்கு மேலால் வருகிற காற்று முதலில் அந்த யன்னலுக்குத்தான் வரும். அம்மாவுக்கு மூட்டு நோ, வெக்கை தாங்கமாட்டார், பாதி ராத்திரியில் எழும்பி விசிறியோடு உட்கார்ந்திருப்பார். சரியாகச் சொன்னால் அந்த வீடு முழுவதையும் நான் அம்மாவின் அறையிலிருந்துதான் கீறத் தொடங்கினேன்.

பிளானை மேசையில் விரித்து அம்மாவைக் கூப்பிட்டேன். அம்மா கையைத் துடைத்துக்கொண்டு வந்து பார்த்தார்.

"இது ஆற்றை அறை?"

"உங்கடை."

"எனக்கென்னத்துக்கு உவ்வளவு பெரிய அறை? எனக்கு உந்தச் சாமான் அறை காணும்."

"சாமான் அறையிலை சாமான்தான் வைக்கிறது, அம்மா."

"அரிசி மூட்டைக்குப் பக்கத்திலை ஒரு கட்டில் போடலாம்தானே."

"விசர்க்கதை கதையாதேங்கோ. அதுக்கு ஒரு யன்னல்கூட இல்லை."

"வாறவர் என்ன நினைப்பார்? மாமி நல்ல அறையைப் பிடிச்சுவைச்சுக்கொண்டு இருக்கிறா எண்டு நினைக்கமாட்டாரே? வீட்டைக் குடுத்திட்டு ஒரு பக்கத்திலை இருக்கிறதுதான் பிள்ளை மரியாதை."

எங்களுக்குள் சண்டை தொடங்கியது இதில்தான். அம்மா தெற்கு அறையில் படுப்பதா, சாமான் அறையில் படுப்பதா. வேறு எதிலும் அம்மா வாய் திறக்கவில்லை. கூரை ஓடா, கொங்கிறீட் தட்டா, தரைக்கு என்ன நிறம், ஒன்றும் கேட்கவில்லை. அத்திவாரம் வெட்டுகிற நாளிலும் மேசனிடம் போய், "தம்பி, உந்தச் சாமான் அறையைக் கொஞ்சம் நீட்டி வெட்டும்" என்று இரகசியமாகச் சொல்லியிருக்கிறார். நல்லவேளை, அவர் வந்து என்னிடம் கேட்டார்.

பிடிவாதம் பிடிக்கிற ஆட்களை இந்தப் பெரியவர்கள் எப்படிச் சமாளித்தார்கள் என்று நான் புத்தகங்களைப் புரட்டிப் பார்த்தேன். ஒருவர் கோபித்துக்கொண்டு பாதியில் விட்டுவிட்டுப் போயிருக்கிறார். ஒருவர் ஓம் ஓம் என்று தலையாட்டிவிட்டுத் தான் நினைத்ததையே கட்டியிருக்கிறார். இன்னொருவர் மட்டையில் ஒரு குட்டி வீடு செய்து காட்டி ஆளை மயக்கியிருக்கிறார். நானும் மட்டை வெட்டி ஒட்டி ஒரு குட்டி வீடு செய்தேன். அம்மாவுக்கு அது நன்றாகப் பிடித்துவிட்டது. பார்க்க வருகிறவர்களுக்கெல்லாம் எடுத்துக் காட்டினார். "இதிலை நான் இருக்கிற இடம்" என்று சாமான் அறையைத் தொட்டும் காட்டினார்.

கட்டிமுடியும்வரை பக்கத்து ஒழுங்கையில் ஒரு வாடகை வீட்டில் இருந்தோம். ஒரு பின்னேரம் அம்மா முருங்கையிலை உருவிக்கொண்டிருக்க, நான் பக்கத்தில் இருந்து ஒரு புத்தகம் பார்த்துக்கொண்டிருந்தேன். ஒரு கட்டடக் கலைஞர் தன் தாய்க்குக் கட்டிக்கொடுத்த வீடு. புத்தகங்களில் இது அடிக்கடி வரும். பேர் எடுக்கமுன்னம் ஆர் நம்பி வேலை தருவார்கள்? பெற்ற தாய்தான் தருவார். முழுப்பக்கப் படத்தை அம்மாவுக்குத் திருப்பிக் காட்டினேன்.

"இது அவர் தாய்க்குக் கட்டினது."

அம்மா கையைத் துடைத்துவிட்டுப் புத்தகத்தை வாங்கினார். "வடிவான வீடு. குசினி எங்கை?"

"உங்கை, பின்னாலை."

"தாய் எங்கை?"

படங்களில் தாய் இல்லை. படிக்கட்டு இருந்தது, கூரை இருந்தது, வெறும் கதிரை ஒன்று இருந்தது.

"தாய் வீட்டைப் பாத்திட்டு என்ன சொன்னவா?"

நான் அந்த அத்தியாயத்தை முதலிலிருந்து கடைசிவரை தேடினேன். கூரைச் சரிவைப் பற்றி இரண்டு பக்கம். படிக்கட்டில் விழுகிற வெளிச்சத்தைப் பற்றி ஒரு பக்கம். அறிஞர்கள் என்ன சொன்னார்கள், பிறகு வந்தவர்கள் எதைக் கற்றுக்கொண்டார்கள் எல்லாம் இருந்தது. அந்த வீட்டில் படுத்து எழும்பின மனிசி என்ன சொன்னார் என்று ஒரு வரி கிடையாது.

"புத்தகத்திலை போடேல்லை, அம்மா."

"சொல்லியிருக்கமாட்டா, பாவம்" என்றார் அம்மா. "மகன் ஆசையாக் கீறினது எண்டு பேசாமல் இருந்திருப்பா."

எனக்கு அந்தப் புத்தகத்தை எழுதின ஆளில் சரியான கோபம் வந்தது. ஒரு வாய் வார்த்தை கேட்டுப்போட அவருக்கு என்ன கேடு என்று தோன்றியது. அம்மா திரும்ப முருங்கையிலை உருவத் தொடங்கினார்.

சுவர்கள் எழும்பி யன்னலுக்கு மேலே வந்த நேரத்தில் மாமா ஒரு சம்பந்தம் கொண்டுவந்தார். நெல்லியடியில் நல்ல குடும்பம், மாப்பிள்ளை வெளிநாட்டில் பொறியியலாளர், சாதகம் பொருந்திவிட்டது, அவருடைய பெரியதாயும் பெரியதகப்பனும் வீடு பார்க்க வருகிறார்கள் என்றார். அன்றைக்கு மாமா வெள்ளை வேட்டி கட்டிக்கொண்டு காலையிலேயே வந்து, மேசனைக்கொண்டு மணல் கும்பியை ஓரமாக அள்ளிப் போடுவித்தார். கூரை இல்லாத வீட்டை வடிவாக்க அவர் பட்ட பாட்டைப் பார்க்க எனக்குப் பாவமாகவும் இருந்தது, சிரிப்பாகவும் இருந்தது.

வந்தவர்கள் மரியாதையான ஆட்கள். பெரியதாய் சேலையைக் கொஞ்சம் தூக்கிப் பிடித்துக்கொண்டு ஒவ்வோர் அறையாக வந்தார். முற்றத்தில் நின்று மேலே பார்த்து, "மழைத்தண்ணி உள்ளுக்கு வராதோ?" என்று கேட்டார். நியாயமான கேள்வி. நான் நீர் ஓடுகிற வழியைக் காட்ட, விளங்கித் தலையாட்டினார். பிறகு தெற்கு மூலை அறைக்குள் போனார். நல்ல சோளகம். அவருடைய சேலைத் தலைப்பு பறந்தது.

"என்ன காத்து" என்றார். "இது ஆற்றை அறை?"

நான் வாய் திறக்கமுன்னம் அம்மா முந்திவிட்டார். "அது மாப்பிள்ளையின்ரை அறை."

"இல்லை" என்றேன் நான். "அது அம்மாவின்ரை அறை."

குரல் கொஞ்சம் கூடிவிட்டது. மாமா மழை வருமோ என்று பார்க்கிற மாதிரி வானத்தைப் பார்த்தார். பெரியதாய் என்னையும் அம்மாவையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, "தாயில் நல்ல பட்சமான பிள்ளை" என்று சிரித்தார். சோடா குடித்தார்கள், வடை சாப்பிட்டார்கள், போனார்கள். கொஞ்ச நாளில் பொருத்தம் காணாது என்று சொல்லி அனுப்பினார்கள். முதலில் பொருந்தின சாதகம் பிறகு எப்படிப் பொருந்தாமல் போனது என்று நான் கேட்கவில்லை. மாமா, "விடு பிள்ளை, நெல்லியடி தூரம்" என்றார். அந்த மாப்பிள்ளை இருந்த நாட்டை நினைத்து நான் சிரித்துவிட்டேன்.

அம்மா சிரிக்கவில்லை. அன்றையிலிருந்து என்னோடு கதைப்பதை நிறுத்திவிட்டார். சோறு போடுவார், தேத்தண்ணியைப் பக்கத்தில் கொண்டுவந்து வைப்பார், கதைக்கமாட்டார். தனக்கென்று ஓர் அறை இருந்ததால்தான் மகளின் கலியாணம் குழம்பியது என்று முடிவுகட்டிவிட்டார் என்று எனக்குத் தெரிந்தது. நான் எத்தனையோ விதமாகச் சமாதானம் சொன்னேன். எனக்கு அந்தச் சம்பந்தம் போனதில் ஒரு துக்கமும் இல்லை என்றேன். அது உண்மைதான், ஆனால் அதைக் கேட்க அவருக்கு இன்னும் துக்கம் கூடியது.

ஒரு நாள் மத்தியானம் நான் வேலை செய்கிற இடத்திலிருந்து நேரே வளவுக்குப் போனேன். தெற்கு மூலை அறையில் மேசன் நின்று, யன்னலுக்கு விட்ட இடத்தில் சீமெந்துக் கல் வைத்துக்கொண்டிருந்தார். அரைவாசி மூடியாயிற்று. அம்மா அறையின் நடுவில் கற்கும்பியில் இருந்து அதைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"அண்ணை, என்ன செய்யிறியள்?"

மேசன் திரும்பினார். "அக்கா சொன்னவா, தங்கச்சி. இனி இதுதானாம் சாமான் அறை. யன்னல் தேவையில்லையாம். அங்காலை குசினிக்குப் பக்கத்திலை உள்ளதுக்கு ஒரு யன்னல் விடட்டாம்." என் முகத்தைப் பார்த்தார், அம்மாவின் முகத்தைப் பார்த்தார், கரண்டியைக் கீழே வைத்தார். "நீங்கள் ரெண்டுபேரும் கதைச்சு ஒரு முடிவுக்கு வாங்கோ. நான் ஒரு தேத்தண்ணி குடிச்சிட்டு வாறன்."

அவர் போனதும் நான் வெடித்துவிட்டேன். எனக்கு வாயில் வந்ததெல்லாம் சொன்னேன். நான் இத்தனை வருசம் படித்தது பெற்ற தாயை அரிசி மூட்டைக்குப் பக்கத்தில் படுக்கவைக்கவோ என்றேன். ஊர் முழுக்க ஆட்களுக்குக் காற்று வருகிற மாதிரிக் கீறிக் கொடுக்கிறேன், என்னுடைய அம்மாவுக்கு ஒரு யன்னல் வைக்க ஏலாதோ என்றேன். அம்மா சேலையில் ஒட்டின சீமெந்துத் தூளைத் தட்டிக்கொண்டிருந்தார். அதுதான் என்னை இன்னும் கிளப்பியது.

"வாறவர், வாறவர், வாறவர்" என்றேன். "வாறவர் வராட்டில்?"

அதை எங்கள் வீட்டில் அதுவரை ஒருவரும் சொன்னதில்லை. மாமா சொன்னதில்லை, அம்மா சொன்னதில்லை, நானும் எனக்குள்கூடச் சொல்லிப் பார்த்ததில்லை. சொன்ன பிறகு நாக்கைக் கடித்துக்கொண்டேன்.

அம்மா என்னைப் பார்த்தார். ஏசுவார் என்று நினைத்தேன், ஏசவில்லை.

"அதை நான் நினைக்காத நாளில்லை, பிள்ளை" என்றார். "அதுக்குத்தானே சாமான் அறை எண்டனான்."

"விளங்கேல்லை, அம்மா."

"அது உன்ரை அறைக்குப் பக்கத்திலை. ஒரு சுவர்தான். நீ இருமினால் எனக்குக் கேக்கும். உந்த அறை எங்கை கிடக்கு, உன்ரை அறை எங்கை கிடக்கு? நடுவிலை முற்றம். மாரியிலை மழை ஊத்தேக்கை நீ கத்தினாலும் கேக்காது. நான் இஞ்சை கிடந்து காத்து வாங்க, அங்கை உனக்கு நெஞ்சு இழுத்தால் ஆர் பிள்ளை எழும்பி வாறது?"

"பின்னை ஏன் எப்ப பாத்தாலும் வாறவர் எண்டு சொன்னனீங்கள்?"

"நீ தனிய இருக்கப்போறாய் எண்டு நான் என்ரை வாயாலை சொல்லுறதே?"

நான் அவருக்குப் பக்கத்தில் கற்கும்பியில் இருந்துவிட்டேன். அழுகை வந்தது, அழுதேன். அம்மாவும் அழுதார். இவ்வளவு காலமும் இந்த மனிசி ஊருக்குப் பயந்து, வராத ஒரு மாப்பிள்ளைக்குப் பயந்து தன்னைச் சுருக்கிக்கொள்கிறார் என்று நான் கோபப்பட்டுக்கொண்டிருந்தேன். அவர் பயந்தது எனக்காக. நான் மாய்ந்து மாய்ந்து படித்து, எங்கள் வளவுக்குக் கொண்டுவந்து சேர்த்த அந்தச் சொந்த வானம், அம்மாவுக்கும் எனக்கும் நடுவில் கிடந்தது. புத்தகத்தில் அதைச் சொன்ன பெரியவரில் எனக்கு இப்போதும் கோபம் இல்லை. காற்றைப் பற்றி அவர் சொன்னதெல்லாம் சரி. அவர் வீட்டில் இழுப்புக்காரப் பிள்ளை இருந்திராது.

கண்ணைத் துடைத்துக்கொண்டு பிளானை எடுத்து மடியில் விரித்தேன். கட்டின சுவரைப் பெயர்க்கத் தேவையில்லை. அறைகளை ஆளுக்காள் மாற்றினால் போதும் என்று பார்த்த உடனேயே தெரிந்தது. மேசன் தேத்தண்ணி குடித்துவிட்டு மெல்ல எட்டிப் பார்த்தார். சண்டை முடிந்துவிட்டதோ என்று நிச்சயமில்லாமல் வாசலிலேயே நின்றார்.

"அண்ணை, அந்த யன்னலிலை வைச்ச கல்லை எடுங்கோ" என்றேன். "இது அம்மாவின்ரை அறைதான். பக்கத்திலை உந்த ஒபிஸ் அறை இருக்கெல்லே, அதிலை இனி நான் படுக்கிறன்."

அம்மா திடுக்கிட்டார். "அப்ப வாறவர்?"

"வாறவர் சாமான் அறையிலை இருக்கட்டும். குசினிக்குப் பக்கம், பசிச்சால் வசதி."

முதலில் சிரித்தவர் மேசன். அம்மா, "வாயைப் பார், வாயை" என்று என் தோளில் ஓர் அடி போட்டார். பிறகு அவருக்கும் சிரிப்பு வந்துவிட்டது. சேலைத் தலைப்பால் முகத்தைத் துடைத்துக்கொண்டு எழும்பி, என்னை அடுத்த அறைக்குப் போகச் சொல்லிக் கையைக் காட்டினார். ஏன் என்று விளங்காமல் போய், அந்த ஒபிஸ் அறைக்குள் நின்றேன். நடுவில் பூசாத சுவர். அதற்கு அப்பால் அம்மா நடந்து வந்து நிற்கிற சத்தம் கேட்டது.

"பிள்ளை" என்றார் சுவருக்கு அந்தப் பக்கத்திலிருந்து. "ஒருக்கா இருமு பாப்பம்."

கூரை போடாத வீட்டில் எதுதான் கேட்காது? ஆனாலும் நான் இருமினேன்.

"ஓம்" என்றார் அம்மா. "கேக்குது."